வில்லன் வாசலுக்கு வெளியே இருக்கான்!

ஒரு குடும்பம். அதை நாலா பக்கமும் நெருக்குற வெளி உலகம். இதை டி.வி. தொடரா எடுக்கணும்னா எங்கே ஆரம்பிக்கறது? 1984-ல தூர்தர்ஷன் போட்ட ஒரு கணக்கு, இன்னிக்கு வெப் சீரிஸ் எடுக்கத் துடிக்கிற உங்களுக்கும் உதவும்!

ஹலோ விஸ்காம் மக்களே... விஸ்காம் படிக்காம விஸ்காம் பசங்களோடவே சுத்துற மற்ற டிபார்ட்மென்ட் மக்களே... உங்களுக்கு ஒரு சின்ன டெஸ்ட்!

கிளாஸ்ல பத்து பேரைக் கூப்பிட்டு, 'ஒரு குடும்ப சீரியலுக்கு கதை சொல்லு'ன்னு கேட்டுப் பாருங்க. எட்டு பேர் மாமியார்ல ஆரம்பிப்பாங்க. ஒன்பதாவது ஆள், சொத்துக்கு ஆசைப்படுற சித்தப்பாவைக் கொண்டு வருவார். பத்தாவது ஆள் கொஞ்சம் யோசிச்சு, பாலில் மாத்திரை கலக்குற நாத்தனாரைச் சொல்வார். கவனிச்சீங்களா? பத்து கதையிலும் வில்லன் வீட்டுக்குள்ளேயே ரேஷன் கார்டோட இருக்கார்!

இப்போ அதே பத்து பேர்கிட்ட, 'உங்க வீட்ல கடைசியா எல்லாரும் ராத்திரி தூங்காம உட்கார்ந்து பேசினது எதுக்காக?'ன்னு கேளுங்க. பதில் வேற மாதிரி வரும். அப்பா வேலை பார்த்த கம்பெனியை மூடிட்டாங்க. ஹவுஸ் ஓனர் வாடகையை ஏத்திட்டார். ரோடு அகலப்படுத்த அளந்துட்டுப் போனாங்க. அக்கா கல்யாணத்துக்கு வாங்கின கடனுக்கு வட்டி குட்டி போட்டுருச்சு. ஒரு பதில்லகூட மாமியார் இருக்க மாட்டாங்க!

நம்ம வீடுகளை உண்மையா ஆட்டி வைக்கிற விஷயம் வாசலுக்கு வெளியே இருக்கு. ஆனா, நாம எழுதுற கதை மட்டும் வாசலைத் தாண்டாம ஹாலுக்கும் கிச்சனுக்கும் நடுவுல நடந்துட்டு இருக்கு. ஏன்? வெளியே இருக்கிற வில்லனுக்கு முகம் கிடையாது. அவன்மேல ஜூம் போட முடியாது, பின்னணியில 'டொய்ங்'னு மியூசிக் போட முடியாது. விலைவாசிக்கு க்ளோஸப் வெச்சவங்க யாராவது உண்டா?

அதை எப்படி சீரியல் ஆக்கறதுன்னு மண்டையை உடைச்சுக்கிட்டவங்க உண்டு. அவங்க எங்கே ஜெயிச்சாங்க, எங்கே சறுக்கினாங்கன்னு தெரிஞ்சுக்கிட்டா உங்க ஸ்கிரிப்ட்டுக்கு நல்லது. வாங்க, பார்ப்போம்!

மெக்சிகோ மேட்டர்!

1969-ல பெரு நாட்டில 'சிம்ப்ளமென்ட்டே மரியா'ன்னு ஒரு தொடர் வந்துச்சு. கிராமத்திலிருந்து நகரத்துக்கு வீட்டு வேலைக்கு வர்ற ஒரு பெண். எழுதப் படிக்கக் கத்துக்கிட்டு, தையல் மெஷின் மிதிச்சு, படிப்படியா முன்னேறுறாங்க. அவ்வளவுதான் கதை. ஆனா, அதைப் பார்த்துட்டு லத்தீன் அமெரிக்கா பூரா பெண்கள் தையல் வகுப்புக்கும் எழுத்தறிவு வகுப்புக்கும் போக ஆரம்பிச்சாங்க. மரியாவோட கல்யாணக் காட்சியை லிமா நகரத்து சர்ச்ல ஷூட் பண்ணினப்போ, சொந்தக்காரப் பொண்ணு கல்யாணம் மாதிரி ஜனங்க ஆயிரக்கணக்குல திரண்டுட்டாங்க.

யாரும் திட்டம் போட்டு நடந்த விஷயம் இல்லை இது. ஆனா, இதை மெக்சிகோவில ஒருத்தர் உத்துப் பார்த்துட்டு இருந்தார். பேர் மிகெல் சபீதோ. நாடகக்காரர், டி.வி. தயாரிப்பாளர். 'தானா நடந்ததைத் திட்டம் போட்டு நடத்த முடியாதா?'ன்னு யோசிச்சார். 1975-ல முதியோர் கல்வியை மையமா வெச்சு 'வென் கொன்மிகோ', 1977-ல குடும்பக் கட்டுப்பாட்டை வெச்சு 'அகொம்பான்யாமே'ன்னு தொடர்கள் எடுத்தார்.

அவரோட ஃபார்முலா ரொம்ப சிம்பிள். மூணு வகை கேரக்டர் வேணும். ஒண்ணு, நல்ல வழியைக் காட்டுறவர். ரெண்டு, கெட்ட வழியில போறவர். மூணாவதுதான் முக்கியம். ரெண்டுக்கும் நடுவுல தடுமாறிட்டு இருக்கிற ஆள். பார்க்கிறவங்க மனசு ஒட்டிக்கிறது அந்த மூணாவது ஆள்கிட்டதான். அவர் தப்பு பண்ணி, அடிபட்டு, மெள்ள மெள்ள மாறணும். அவர் மாறும்போது பார்க்கிறவங்களும் கூடவே நடந்து வருவாங்க.

ஆல்பர்ட் பந்துரான்னு ஒரு உளவியல் அறிஞர். 'மனுஷன் தானே பட்டுத்தான் கத்துக்கணும்னு இல்லை. அடுத்தவங்களைப் பார்த்தும் கத்துக்கறான்'னு ஆராய்ச்சி பண்ணிச் சொன்னவர். சைக்காலஜி படிக்கிறவங்களுக்கு அவரோட 1961 'போபோ பொம்மை' பரிசோதனை ஞாபகம் வரும். சபீதோ கையில எடுத்தது அந்தக் கருத்தைத்தான்.

1982-ல நம்ம தகவல் ஒலிபரப்பு அமைச்சரா இருந்த வசந்த் சாத்தே மெக்சிகோ போனார். இந்தத் தொடர்களைப் பத்தித் தெரிஞ்சுக்கிட்டார். 'இதை நம்ம ஊர்லயும் செஞ்சா என்ன?'ன்னு கேட்டார். அந்தக் கேள்வியில பொறந்ததுதான் 'ஹம் லோக்'!

ஒன்பது பேர், ஒரு சின்ன வீடு!

உங்க அப்பா, அம்மாகிட்ட கேட்டுப் பாருங்க. 1984 ஜூலை 7 அன்னிக்கு ஆரம்பிச்சு, 1985 டிசம்பர் 17 வரைக்கும் 17 மாசம், 156 எபிசோட். தூர்தர்ஷன் ஒண்ணே ஒண்ணுதான் சேனல். அந்த வருஷம் சில மாசங்கள்ல தினம் ஒண்ணுங்கிற கணக்குல நாடு முழுக்க புது ஒளிபரப்பு நிலையங்கள் முளைச்சுட்டு இருந்தது. தெருவுக்கு ரெண்டு டி.வி. இருந்தாலே பெரிசு.

கதையை எழுதினவர் மனோகர் ஷ்யாம் ஜோஷி. இந்தி நாவலாசிரியர், 'சாப்தாஹிக் ஹிந்துஸ்தான்' வார இதழோட ஆசிரியரா இருந்தவர். இயக்கம் பி.குமார் வாசுதேவ். வட இந்தியாவில கீழ் நடுத்தர வர்க்கத்துக் கூட்டுக்குடும்பம் ஒண்ணுதான் களம். கேரக்டர் லிஸ்ட்டைப் பாருங்க...

தாத்தா ஓய்வுபெற்ற ராணுவக்காரர். பாட்டிக்கு நாக்குல வெடி. அப்பா பஸேஸர் ராம் குடிக்கு அடிமை. அம்மா பாக்வந்தி எல்லாத்தையும் பொறுத்துக்கிட்டே போறவங்க. மூத்த மகன் லல்லு வேலை தேடி அலையறவன். சின்னவன் நன்ஹேவுக்கு கிரிக்கெட் பைத்தியம். மூத்த மகள் படுக்கி, பெண்கள் நலனுக்காக வேலை பார்க்கிறவ. நடுப்பெண் மஞ்லி சினிமா கனவோட பம்பாய்க்குப் போய் ஏமாறுறவ. கடைக்குட்டி சுட்கிக்கு டாக்டர் ஆகணும்.

இந்த லிஸ்ட்டை மறுபடி படிங்க. ஒவ்வொரு ஆளும் வெளியிலிருந்து வர்ற ஒரு நெருக்கடிக்கு ஒரு கதவு. வேலையில்லாத் திண்டாட்டம் லல்லு வழியா உள்ளே வருது. வரதட்சணைப் பேச்சு படுக்கி வழியா வருது. பெருநகரத்து மினுமினுப்பு மஞ்லி வழியா வருது. நாட்டுப் பிரச்னைன்னு பேப்பர்ல தலைப்புச் செய்தியா வர்றது, இந்த வீட்ல சாப்பாட்டு நேரத்துச் சண்டையா வருது. ஜோஷி பண்ணின முதல் கெட்டிக்காரத்தனம் இதுதான். வில்லனுக்கு முகம் இல்லையா? சரி, அவன் நுழையற கதவுக்கு ஒரு முகம் கொடு!

'அப்பா குடிக்கறார், அது வீட்டுக்குள்ள இருக்கிற பிரச்னைதானே?'ன்னு கேட்பீங்க. நல்ல கேள்வி. ஆனா, அந்தத் தொடர்ல அவர் மாத்திரை கலக்குற வில்லன் இல்லை. பணமும் இல்லாம, மரியாதையும் இல்லாம, பொறுப்பை மட்டும் சுமக்க முடியாம ஓடுற மனுஷன். வெளி நெருக்கடி எப்பவுமே வீட்டோட பலவீனமான கதவு வழியாத்தான் உள்ளே வரும். அந்த வீட்ல பலவீனமான கதவு அப்பா.

பதிமூணு எபிசோட் பாடம்!

ஆரம்பமே அமர்க்களம்னு நினைக்காதீங்க. முதல் 13 எபிசோட் எடுபடவே இல்லை. காரணம்? குடும்பக் கட்டுப்பாடு பத்தி நேரடியாப் பாடம் நடத்திட்டாங்க. நாள் பூரா ஆபீஸ்ல திட்டு வாங்கிட்டு வந்து உட்கார்றவர்கிட்ட டி.வி.யும் உபதேசம் பண்ணினா என்ன ஆகும்? எழுந்து போயிருவார்.

உடனே ரூட்டை மாத்தினாங்க. குடும்பக் கட்டுப்பாட்டைப் பின்னால தள்ளிட்டு, குடும்ப உறவு, பெண்களோட நிலைமை, வேலை, காதல்னு கதையை முன்னால கொண்டு வந்தாங்க. அறிவுரையைக் கதையிலிருந்து எடுத்து, தனியா ஒரு ஆள்கிட்ட கொடுத்தாங்க. அந்த ஆள் இந்தி சினிமாவோட பெரியவர் அசோக் குமார்! ஒவ்வொரு எபிசோட் முடிவுலயும் வந்து அரை நிமிஷம் பேசுவார். 'இவங்க இப்படி பண்ணினது சரியா? நீங்களா இருந்தா என்ன செய்வீங்க?'ங்கிற தோரணை. தீர்ப்பு சொல்ற வேலை பார்க்கிறவங்களோடது.

ரிசல்ட்? நாலு லட்சத்துக்கும் மேல கடிதங்கள்! இ-மெயில் கிடையாது, வாட்ஸ்அப் கிடையாது. பேனா எடுத்து, ஸ்டாம்ப் ஒட்டி, போஸ்ட் பாக்ஸ்ல போட்ட கடிதங்கள். படுக்கி கல்யாண எபிசோட் அன்னிக்கு வட இந்தியாவில கடைத்தெருக்களை சீக்கிரமே சாத்திட்டுப் போனதா பதிவாகியிருக்கு. புற்றுநோயில சாகவேண்டிய பாட்டி கேரக்டரை, ஜனங்க விரும்பினதால நீட்டிச்சாங்க.

நம்ம ஊர் நிலவரத்தையும் சொல்லணும் இல்லையா? வட இந்தியாவில 65-லிருந்து 90 சதவிகிதம் பேர் பார்த்தப்போ, தென்னிந்தியப் பெருநகரங்கள்ல 20-லிருந்து 45 சதவிகிதம்தான். இந்தி புரியாம எத்தனை நாள் அழுகையை மட்டும் பார்த்துட்டு இருக்கறது? குடும்பக் கதை எல்லாருக்கும் பொதுவானதா இருக்கலாம். ஆனா, அது பேசுற பேச்சு அந்த வீட்டுப் பேச்சா இருந்தாத்தான் மனசுல ஒட்டும். இதையும் குறிச்சுக்கங்க.

அம்மா பிரச்னை!

இனிமேதான் மேட்டரே இருக்கு. தொடர் முடிஞ்ச பிறகு அரவிந்த் சிங்கால், எவரெட் ரோஜர்ஸ்னு ரெண்டு ஆராய்ச்சியாளர்கள் டெல்லி, புனே, சென்னைப் பகுதிகள்ல 1,170 பேர்கிட்ட சர்வே எடுத்தாங்க. 'பெண்களுக்கும் சமவாய்ப்பு வேணும்னு இந்தத் தொடர் பார்த்துத் தெரிஞ்சுக்கிட்டோம்'னு 10-ல் 7 பேர் சொன்னாங்க. சூப்பர் இல்லையா? கொஞ்சம் பொறுங்க!

அந்த அம்மா பாக்வந்தி இருக்காங்களே... அடி வாங்கி, ஏச்சு வாங்கி, வாயே திறக்காத அம்மா. அவங்களை எழுதினதோட நோக்கம், 'இப்படி இருக்காதீங்க'ன்னு சொல்றது. ஆனா, பார்த்தவங்கள்ல ஒரு பகுதியினர் 'அடடா, எப்பேர்ப்பட்ட பொறுமை! பெண்ணுன்னா இப்படி இருக்கணும்'னு அவங்களை முன்மாதிரியா எடுத்துக்கிட்டாங்க. அப்படி எடுத்துக்கிட்டவங்கள்ல பெரும்பாலோர் யார் தெரியுமா? பெண்கள்!

எச்சரிக்கை பலகைன்னு நட்டு வெச்சதை, வழிகாட்டிப் பலகைன்னு படிச்சுட்டாங்க.

இது நம்ம ஊர்ல மட்டும் நடந்ததுன்னு நினைக்காதீங்க. அமெரிக்காவில 1971-ல சி.பி.எஸ். சேனல்ல 'ஆல் இன் த ஃபேமிலி' ஆரம்பிச்சது. தயாரிச்சவர் நார்மன் லியர். அதுல ஆர்ச்சி பங்க்கர்னு ஒரு அப்பா. கறுப்பினத்தவர்னா ஆகாது, யூதர்னா ஆகாது, பெண் உரிமைன்னா கோபம் வரும். அவரைப் பார்த்து ஜனங்க சிரிக்கணும், சிரிச்சுட்டு வெட்கப்படணும்கிறது லியரோட கணக்கு. ஆனா 1974-ல வெளியான ஒரு ஆய்வு என்ன சொல்லுச்சு? ஏற்கெனவே இனவெறுப்பு இருந்தவங்க, 'நம்ம மனசுல இருக்கிறதை ஆர்ச்சி தைரியமா சொல்றார்'னு ரசிச்சிருக்காங்க! அவங்களைப் பொறுத்தவரைக்கும் ஆர்ச்சிதான் ஹீரோ.

இப்போ உங்க காலேஜ் குறும்படங்களை நினைச்சுப் பாருங்க. அதுல வர்ற அம்மாக்களை எண்ணுங்க. பசியோட தண்ணி குடிச்சுட்டு படுக்கற அம்மா. தாலியை அடகு வெச்சு ஃபீஸ் கட்டுற அம்மா. கிழிஞ்ச புடவையோட சிரிக்கற அம்மா. நல்ல எண்ணத்துலதான் எடுக்கறீங்க, சந்தேகமே இல்லை. ஆனா, அந்த அம்மா வயலின் இசையோட மெழுகுவத்தி மாதிரி ஜொலிக்கும்போது, அவங்களை அந்த நிலைமைக்குத் தள்ளின வட்டிக்காரன், ஃபீஸ் ஏத்தின நிர்வாகம், சம்பளம் பாக்கி வெச்ச முதலாளி எல்லாரும் ஃபிரேமுக்கு வெளியே ஜாலியா நடந்து போயிடறாங்க. பார்த்தவர் கண்ணைத் துடைச்சுக்கிட்டு, 'அம்மான்னா அம்மாதான்'னு சொல்லிட்டுப் போவார். 'ஏன் அம்மா பட்டினி கிடக்கணும்?'னு கேட்க மாட்டார்.

வழி என்ன? அம்மாவோட பொறுமையைக் காட்டினா, அந்தப் பொறுமைக்கு வீடு கொடுத்த விலையையும் காட்டுங்க. அம்மாவைப் பார்த்து மகள் அதே மாதிரி வாயை மூடிக்கக் கத்துக்கறதைக் காட்டுங்க. இல்லேன்னா, சபீதோ சொன்ன அந்த மூணாவது ஆளா அம்மாவை மாத்துங்க. முதல் எபிசோட்ல தலைகுனிஞ்சவங்க, ஆறாவது எபிசோட்ல ஒரே ஒரு தடவை 'முடியாது'ன்னு சொல்லட்டும். ஆயிரம் சொட்டு கிளிசரினை விட அந்த ஒரு வார்த்தைக்கு வெயிட் ஜாஸ்தி!

தொடருக்கே வந்த நெருக்கடி!

கதைக்குள்ள இருக்கிற குடும்பத்துக்கு மட்டும் இல்லை பாஸ், அந்தக் கதையை எடுக்கிற யூனிட்டுக்கும் வெளி நெருக்கடி உண்டு. அதுக்குச் சரியான உதாரணம் 1974-ல சி.பி.எஸ். சேனல்லயே வந்த 'குட் டைம்ஸ்'.

சிகாகோ நகரத்தில அரசாங்க அடுக்குமாடிக் குடியிருப்பு. அதுல ஒரு ஏழை கறுப்பினக் குடும்பம். எரிக் மான்ட்டி, மைக் எவன்ஸ்னு ரெண்டு கறுப்பின எழுத்தாளர்கள் உருவாக்க, நார்மன் லியர் வளர்த்தெடுத்தார். அம்மா ஃபுளோரிடாவா நடிச்சவர் எஸ்தர் ரோல். அவர் ஆரம்பத்திலேயே ஒரு கண்டிஷன் போட்டார். 'வீட்ல அப்பா இருக்கணும்.' கறுப்பினக் குடும்பம்னா அப்பா ஓடிப்போயிருப்பார்னு காட்டறதே வழக்கமா இருந்தது. அதை உடைக்கணும்கிறது அவரோட பிடிவாதம். ஜெயிச்சார். அப்பா ஜேம்ஸா ஜான் ஏமோஸ் வந்தார். ஒரு வேலை போனா இன்னொண்ணுன்னு அலையற, மானஸ்தனான அப்பா.

ஆனா, மூத்த பையன் ஜே.ஜே.யா நடிச்ச ஜிம்மி வாக்கர் கோமாளித்தனம் பண்ணி, ஒரு பஞ்ச் டயலாக் அடிச்சா கைத்தட்டல் பறக்குது! அப்புறம் என்ன? எபிசோடுக்கு எபிசோட் பஞ்ச் ஏறுது, அப்பாவோட கவலை குறையுது. வேலை, படிப்பு, இனபேதம்னு இருந்த கதை, ஜே.ஜே. கூத்தாகிட்டே போச்சு. ஏமோஸ் எதிர்ப்பு தெரிவிச்சார். 1976-ல அவரையே தொடரிலிருந்து நீக்கிட்டாங்க. கதையில அப்பா கார் விபத்துல செத்துட்டார். எந்த அப்பா வேணும்னு எஸ்தர் ரோல் போராடினாரோ, அந்த அப்பாவே இல்லாம போனார். 1977-ல அவரும் விலகினார். அடுத்த வருஷம் திரும்பி வந்தாலும், 1979-ல தொடரே முடிஞ்சு போச்சு.

'ஹம் லோக்' கதையிலயும் இந்த மாதிரி ஒரு திருப்பம் இருக்கு. தூர்தர்ஷன்ல விளம்பரதாரர் பணத்துல ஓடின முதல் நெடுந்தொடர் அதுதான். 1983-ல இந்தியாவுக்கு வந்த மேகி நூடுல்ஸ், அந்தத் தொடரோட தோள்ல ஏறி வீடு வீடாப் போய்ச் சேர்ந்தது. 'சீரியல் நடுவுல விளம்பரம் போட்டா சரக்கு விக்குது'ன்னு கம்பெனிகளுக்குப் புரிஞ்சது. அப்புறம் வரிசை கட்டி சீரியல்கள் வந்துச்சு. ஆனா, அவசியம்னு நினைச்ச சமூக விஷயம் மெள்ள பின்வரிசைக்குப் போயிடுச்சு.

இதிலிருந்து உங்களுக்கு என்ன பாடம்? எழுத ஆரம்பிக்கறதுக்கு முன்னாடியே ஒரு பேப்பர்ல, 'எதை விட்டுக்கொடுக்க மாட்டேன்'னு ஒரே ஒரு வரி எழுதி வெச்சுக்கங்க. எஸ்தர் ரோல் மாதிரி. வியூஸ் ஏறும்போதும், ஸ்பான்சர் வரும்போதும், 'மச்சி, அந்த காமெடி பீஸை இன்னும் ரெண்டு சீன் போடு'ன்னு ஃப்ரெண்ட்ஸ் சொல்லும்போதும் அந்த வரியை எடுத்துப் பாருங்க.

சரி, ஒரு கதை பண்ணுவோமா?

தியரி போதும். நம்ம ஊர் மேட்டர் ஒண்ணை எடுத்து ட்ரை பண்ணுவோம். 2011 ஜனவரி கடைசி. சென்னை உயர் நீதிமன்ற உத்தரவால திருப்பூர்ல 700-க்கும் மேற்பட்ட சாயப்பட்டறைகளை மூடினாங்க. காரணம், நொய்யல் ஆறு. வருஷக்கணக்கா சாயத்தண்ணி ஓடி, ஒரத்துப்பாளையம் அணையில தேங்கி, கீழ்ப்பகுதி விவசாயிகளோட கிணறும் நிலமும் பாழாப் போச்சு. அவங்க கோர்ட்டுக்குப் போனாங்க. நியாயம் அவங்க பக்கம். ஆனா, பட்டறை மூடினதும் ஒரே ராத்திரியில வேலை போன தொழிலாளிகளுக்கும் வயிறு இருக்கே!

இந்த உண்மைக்கு நடுவுல நாமளா ஒரு கற்பனைக் குடும்பத்தைக் குடி வைப்போம்.

அப்பா சாயப்பட்டறையில வேலை. அம்மா பனியன் கம்பெனியில செக்கிங். மகள் காலேஜ் ரெண்டாவது வருஷம். மகன் பிளஸ் டூ. அம்மாவோட அண்ணன், அதாவது பசங்களோட மாமா, ஒரத்துப்பாளையம் பக்கத்து விவசாயி. கேஸ் போட்ட ஆட்கள்ல அவரும் ஒருத்தர். முடிஞ்சது! வில்லனே இல்லாம சண்டை ரெடி. அப்பா சொல்றதும் சரி, மாமா சொல்றதும் சரி. அம்மா நடுவுல.

ஸ்டெப் 1: ஒரு கணக்கு நோட்டு போடுங்க. வசனம் அப்புறம். அந்த வீட்டுக்கு சனிக்கிழமை சம்பளம் எவ்வளவு வருது, ஒன்றரை ஷிப்ட் பார்த்தா எவ்வளவு, வாடகை எவ்வளவு, சீட்டு எவ்வளவு, மகளோட ஃபீஸ் எப்போ கட்டணும்... எல்லாத்தையும் எழுதுங்க. விதி ஒண்ணே ஒண்ணு. ஒவ்வொரு எபிசோட்லயும் அந்த நோட்டுல ஒரு வரியாவது மாறணும். சீட்டு நின்னுபோச்சு. வண்டி வித்தாச்சு. பையன் ராத்திரி ஷிப்டுக்குப் போறான். நோட்டு மாறலைன்னா கதை நகரலைன்னு அர்த்தம்.

ஸ்டெப் 2: நெருக்கடி எந்தக் கதவு வழியா வரும்? அப்பாவோட ரோஷம் வழியா. மகள் ஃபீஸை மாமா கட்டறேன்னு வர்றார். அப்பா அதை வாங்குவாரா?

'வாங்க மச்சா... உக்காருங்க. டீ வெக்கச் சொல்லுட்டுங்களா?'

'டீயெல்லாம் வேண்டாம் மாப்ள. புள்ளைக்கு ஃபீஸ் கட்டோணும்னு தங்கச்சி சொல்லுச்சு. இதை வெச்சுக்குங்க.'

'உங்க கெணத்துத் தண்ணி சரியாயிருச்சுங்களா?'

'இன்னும் நாளாகும் மாப்ள.'

'அது சரியாகட்டும் மச்சா. அப்புறம் பார்த்துக்கலாம்.'

அவ்வளவுதான் சீன். யாரும் கத்தலை. ஒருத்தர் கிணறு பாழாப்போனது இன்னொருத்தர் சம்பளத்தால. ஒருத்தர் சம்பளம் போனது இன்னொருத்தர் கேஸால. ரெண்டு பேருக்கும் அது தெரியும். கோர்ட்டும் ஆறும் ஃபிரேம்ல இல்லை. ஆனா, அந்த ரெண்டு பேருக்கும் நடுவுல உட்கார்ந்திருக்கு!

ஸ்டெப் 3: தடுமாறுற ஆள் யார்? மகள். அப்பா சாயப்பட்டறை, மாமா தோட்டம். ரெண்டு சோத்தையும் சாப்பிட்டு வளர்ந்தவ. காலேஜை நிறுத்திட்டு அம்மாகூட செக்கிங் போறதா, மாமா பணத்தை வாங்கறதா, வேற வழி தேடறதா? பார்க்கிறவங்க அவகூடத்தான் நடப்பாங்க. அவ எடுக்கிற முடிவைச் சொல்லிக் கொடுக்காதீங்க. எடுக்க விடுங்க.

ஸ்டெப் 4: போய்ப் பாருங்க. இது ரொம்ப முக்கியம். சாயப்பட்டறையைப் பார்க்காம சாயப்பட்டறை சீன் எழுதாதீங்க. வேலை பார்த்தவங்ககிட்ட உட்கார்ந்து கேளுங்க. ஓவர்டைம் எப்படி, கைகால் எல்லாம் எப்படி ஆகும், வீட்டுக்கு வந்ததும் முதல்ல என்ன பண்ணுவாங்க. அவங்க பேரையும் வீட்டு ரகசியத்தையும் அப்படியே எடுத்துப் போட்றாதீங்க. உங்க தொடர் ஓடினாலும் ஓடாட்டியும் அவங்க அந்தத் தெருவுலதான் இருக்கணும்.

ஸ்டெப் 5: கடைசி எபிசோட்ல நெருக்கடியைத் தீர்த்து வைக்காதீங்க. லாட்டரி விழக் கூடாது. கலெக்டர் ஜீப்ல வந்து இறங்கக் கூடாது. வெளி நெருக்கடி உங்க பன்னிரண்டாவது எபிசோடுக்காகக் காத்துட்டு இருக்காது. ஆனா, அந்த நெருக்கடிக்கு முன்னாடி அந்த வீட்ல யார் யார்கிட்ட எப்படிப் பேசினாங்களோ, அது மாறியிருக்கணும். அது போதும்.

நாங்களா... நாமளா?

'ஹம் லோக்' முடியும்போது அசோக் குமார் ஒரு வேலை பண்ணுவார். தொடரோட பேரை வேற வேற இந்திய மொழிகள்ல சொல்லி முடிப்பார். இந்தியில 'ஹம்'னா ஒரே வார்த்தை. ஆனா, தமிழ்ல சிக்கல். நம்ம மொழியில அதுக்கு ரெண்டு வார்த்தை இருக்கு. 'நாங்க'ன்னா எதிரே இருக்கிறவரை விட்டுட்டு. 'நாம'ன்னா அவரையும் சேர்த்துக்கிட்டு.

நீங்க எடுக்கப்போற தொடருக்கு முதல்ல முடிவு பண்ண வேண்டியது இதைத்தான். ஏழைக் குடும்பத்தை 'அய்யோ பாவம்'னு தூரத்துல இருந்து காட்டினா, அது 'அவங்க' கதை. 'எங்க கஷ்டம் உங்களுக்கு என்ன தெரியும்?'னு முறைச்சா, அது 'நாங்க' கதை. ரெண்டுலயும் பார்க்கிறவர் வாசலுக்கு வெளியேயே நிக்கிறார். மாமா நீட்டின அந்தப் பணத்தை அப்பா வாங்கணுமா வேண்டாமான்னு, பார்க்கிறவர் பக்கத்து சீட்காரரோட சண்டை போட ஆரம்பிச்சார்னா... அப்போ அது 'நாம' கதை.

1984-ல இதைச் செய்ய ஒரு அமைச்சர் மெக்சிகோ போக வேண்டியிருந்தது. அரசாங்க சேனல் வேணும், ஸ்பான்சர் வேணும். இன்னிக்கு உங்க கையில இருக்கிற மொபைல் போதும். லைட் வேணும்னா ஹாஸ்டல் டியூப்லைட் இருக்கு. நடிக்க ஆள் வேணும்னா கேன்டீன்ல நாலு பேர் வெட்டியா உட்கார்ந்திருக்காங்க.

கதை? இந்த வாரம் ஊருக்குப் போறீங்க இல்லே... ராத்திரி அப்பாவும் அம்மாவும் கணக்குப் போட உட்காரும்போது, ஹெட்போனைக் கழட்டி வெச்சுட்டு பக்கத்துல உட்காருங்க. முதல் எபிசோட் அங்கேதான் ஓடிட்டு இருக்கு!